மினோ நகர்க் காகிதப் பட்டறை

வேற்று நாட்டிற்குச் செல்வோர் ஆங்குள்ள கோயில்களையும் கோட்டைகளையும் கண்டு மீள்வது இயல்பு. அக்காட்சிகளோடு நில்லாமல், அந்நாட்டு மக்கள் வழிவழியாகச் செய்துவரும் தொழில் ஒன்றில் சிறிது நேரமேனும் தம் கையைப் பழக்கிப் பார்ப்பாரும் உளர். ஜப்பான் நாட்டில் இதற்கு வாய்ப்பு மிகுதி. குயவர் திரிகையில் கலம் வனையலாம், அவுரிச் சாயத்தில் துணி தோய்க்கலாம், மூங்கில் முடையலாம். பயணியர்க்கெனவே பல பட்டறைகள் கதவு திறந்து வைத்திருக்கின்றன. அவற்றுள் கையால் காகிதம் செய்யும் பட்டறை ஒன்றைப் பற்றி இங்கே கூறுவேன். ஏடும் எழுத்துமாகவே வாழ்நாளைக் கழித்தவனுக்கு, ஏடு பிறக்கும் இடத்தைக் காணும் ஆவல் எழுந்ததில் வியப்பில்லை.

நகோயா மாநகருக்கு வடக்கே, கிஃபு மாநிலத்தில், மலைகளுக்கு இடையே அமைந்தது மினோ என்னும் சிறுநகர். நகரா ஆறு அதனை ஒட்டி ஓடுகின்றது. அவ்வாற்றில் கலக்கும் இட்டாடோரி என்னும் தெள்ளிய சிற்றாற்றின் கரையூர்களே காகிதத் தொழிலுக்குத் தாயகமாய் விளங்கியவை. நல்ல நீர் இல்லாத இடத்தில் நல்ல காகிதம் இல்லை. இத்தொழிலில் தொடக்கம் முதல் முடிவு வரை எல்லாவற்றையும் செய்வது நீரே என்று கூறினும் மிகையாகாது.

காகிதம் செய்யும் கலை சீனத்தில் தோன்றியது. கி.பி. 610-ஆம் ஆண்டில் கொரிய நாட்டுத் துறவி ஒருவர் வாயிலாக அது ஜப்பானுக்கு வந்தது என்று அந்நாட்டுப் பழைய வரலாற்று நூல் குறிக்கின்றது. அதன்பின் நூறாண்டு கழிவதற்குள், 702-ஆம் ஆண்டில், மினோ நாட்டுக் குடிமக்களின் கணக்கெழுதிய தாள்கள் நாரா நகரிலுள்ள ஷோசோயின் என்னும் பழங் கருவூலத்தில் இன்றும் உள்ளன. ஆயிரத்து முந்நூறு ஆண்டு கடந்தும் அத்தாள் தாளாகவே இருக்கின்றது! நாம் ஐம்பது ஆண்டுகளுக்கு முன் வாங்கிய புத்தகத்தைப் புரட்டினால் தாள் பழுப்பேறி விளிம்பு உதிர்கின்றதே, இஃது எவ்வாறு நிலைத்தது?

விடை மரப்பட்டையில் இருக்கின்றது. ஆலைக் காகிதம் பெரும்பாலும் மரக்கட்டையைக் கூழாக்கிச் செய்வது. அதன் இழைகள் மிகக் குறியவை. பழைய காலத்து ஆலைத் தாளில் அமிலமும் கலந்திருந்தது. அவ்வமிலமே தாளை உள்ளிருந்து அரித்தது. ஜப்பானியக் கைக்காகிதமாகிய வாஷியோ கோசோ என்னும் காகித முசுக்கட்டைச் செடியின் உட்பட்டையால் ஆவது. அதன் இழை ஏறத்தாழ 10 மில்லிமீட்டர் நீளம் உடையது. நீண்ட இழைகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடத்தலால், மெல்லியதாயினும் எளிதில் கிழிவதில்லை. அமிலம் இன்மையால் உளுத்துப் போவதுமில்லை.

பட்டறைக்கு நகோயாவில் வாழும் என் மகளும் ஒன்பது வயதுப் பேரனும் உடன் வந்தனர். எனக்கு அம்மொழி தெரியாது. மகளே இருபுறமும் மொழிபெயர்த்தாள். கற்பிக்க வந்தவர் ஐம்பது வயது மதிக்கத்தக்க அம்மையார் ஒருவர். மரத்தொட்டியில் வெண்ணிறக் கூழ் கலந்த நீர் நிறைந்திருந்தது. அவர் முதலில் அதனுள் கையை விட்டுப் பார்க்குமாறு கூறினார். பேரன் விட்டான், உடனே வெளியே இழுத்துக்கொண்டு, "தாத்தா, வெண்டைக்காய் அறுத்த கைபோல வழவழக்கிறதே!" என்றான்.

அவன் கூறியது முற்றும் உண்மை. தொரொரோ ஆவோய் என்பது வெண்டைக்கு நெருங்கிய உறவுடைய ஒரு செடி. அதன் வேரை நசுக்கி நீரில் ஊறவைத்தால் வழுவழுப்பான சாறு இறங்கும். அதனை நெரி என்பர். அது பசை என்று பலர் எண்ணுகின்றனர், பசை அன்று. நீரைத் தடிக்கச் செய்து, நார் அடியில் படியாமல் மிதக்கச் செய்வதே அதன் வேலை. நீர் மெல்ல வடிவதால், சட்டத்தை ஆட்டி இழைகளைப் பரப்பக் கைக்கு நேரம் கிடைக்கின்றது. வெப்பம் மிகுந்தால் இச்சாறு வலி குன்றும். ஆதலால் குளிர்காலத்துக் காகிதமே சிறந்தது என்பது தொழிலாளர் கொள்கை.

பின்னர் அம்மையார் சட்டத்தை எடுத்தார். கீல் வைத்த மரச்சட்டம் இரண்டு. அவற்றின் இடையே மயிரிழை போன்ற மூங்கிற் குச்சிகளைப் பட்டு நூலால் கோத்த பாய். முதலில் சிறிது நீரை விரைவாக மொண்டு பாய்மீது ஓடவிட்டார். அடுத்துச் சற்று ஆழமாக மொண்டு முன்னும் பின்னுமாக ஆட்டினார். பின் இடமும் வலமுமாக ஆட்டினார். இப்பக்க ஆட்டமே மினோக் காகிதத்தின் சிறப்பு. இழைகள் நெடுக்கிலும் குறுக்கிலும் பின்னிக்கொள்வதால், அத்தாளை ஒளிக்கு எதிரே பிடித்தால் திட்டும் மேடும் இன்றி ஒரே சீராகத் தோன்றும். இறுதியில் எஞ்சிய நீரை ஒரே வீச்சில் எறிந்தார். இவையனைத்தும் நான் இங்கே எழுதும் நேரத்திற்குள் முடிந்துவிட்டன.

பேரன் மொண்ட தாள் ஒருபுறம் தடித்தும் மறுபுறம் பாய் தெரியுமாறு மெலிந்தும் இருந்தது. அம்மையார் பாயைக் கவிழ்த்து, அதனைத் தொட்டி நீரிலேயே கழுவிவிட்டார். சிறுவன் முகம் வாடியது. அவர் நகைத்து ஏதோ கூறினார். "நார் எங்கும் போய்விடவில்லை, தொட்டிக்குத்தான் திரும்பியிருக்கிறது, மறுபடி எடு" என்று மகள் தமிழாக்கினாள். நான்காம் முறை எடுத்த தாளை அவர் ஏற்றுக்கொண்டார். என் முறை வந்தபோது கவனித்தேன்: கண் தாளின்மேல் இருப்பினும், ஆட்டத்தின் அளவை அறிவிப்பது கண் அன்று, மணிக்கட்டில் உணரும் நீரின் எடையே.

ஈரத்தாளை உறிஞ்சு பொறியால் நீர் நீக்கி, சூடேறிய உலோகத் தகட்டில் ஒட்டி உலர்த்தினர். ஒரு மணிப் பொழுதிற்குள் ஆளுக்கொரு தாள் கையில் இருந்தது. வந்த பயணியர் பலர் அத்துடன் மகிழ்ந்து விடைபெற்றனர். தாம் காகிதம் செய்யக் கற்றுவிட்டதாகவே அவருட் சிலர் எண்ணியிருத்தல் கூடும். உண்மையில் அவர்கள் செய்தது, பல மாத உழைப்பின் இறுதியில் வரும் இனிய பகுதியை மட்டுமே. தொட்டியில் கூழ் ஆயத்தமாய் இருந்தது அல்லவா? அஃது அங்கு வந்த வழி நெடியது.

கோசோச் செடியின் கிளைகளை இலையுதிர்ந்தபின் வெட்டுவர். அடிக்கட்டையிலிருந்து மறு ஆண்டே புதிய கிளைகள் ஆளுயரத்துக்கு மேல் வளரும். வெட்டிய கிளைகளை ஆவியில் அவித்துப் பட்டையை உரிப்பர். உள்ளிருக்கும் கட்டை காகிதத்திற்கு உதவாது. பட்டையின் கரிய மேற்றோலைக் கத்தியால் சுரண்டி நீக்கினால் எஞ்சும் வெண்பட்டையே வேண்டுவது. அதனைத் தெளிந்த ஆற்றுநீரில் ஊறவிட்டு வெளுக்கச் செய்வர். பின் காரநீரில் வேகவைப்பர்.

இனி வருவதே யாவற்றினும் கடியது. வெந்த நாரை நீரில் அலைத்து, அதிலுள்ள தோல் துணுக்கு, முடிச்சு, கறை முதலியவற்றை விரல் நுனியால் ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுத்தல் வேண்டும். இதற்கு எந்திரம் இல்லை. மருந்திட்டு வெளுத்தால் இழை வலியிழக்கும். பனி பெய்யும் மாதங்களில், குனிந்த தலை நிமிராமல், உறையும் நீரில் கைவைத்து, நாள் முழுவதும் இவ்வேலையைச் செய்தவர்கள் பெரும்பாலும் பெண்கள். தாளின் தூய்மைக்கு அவர்களுடைய விரல்களே பொறுப்பு. ஆயினும் தாளைப் புகழ்வோர் அதை மொண்டெடுத்தவரைப் புகழ்வரே யன்றித் தூசு பொறுக்கியவரை நினைப்பதில்லை. எனக்கு இது நெடுநாள் வழங்கிவரும் அநீதியாகவே தோன்றுகின்றது.

அதன்பின் நாரைக் கல்மீது இட்டுக் கொட்டாப்புளியால் அடித்து இழை பிரிப்பர். மினோவில் வழங்கும் கொட்டாப்புளியின் முகத்தில் செவ்வந்திப் பூப்போல வரிகள் செதுக்கியிருக்கும். இழை அறாமல் பிரிய அது துணைசெய்யும். உயர்ந்த வகைக்கு உலோகத் தகட்டுச் சூடும் ஆகாது. மொண்ட தாள்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, மெல்ல மெல்ல அழுத்தி நீர் வடித்து, ஒவ்வொன்றாக உரித்துப் பலகையில் ஒட்டி வெயிலில் உலர்த்துவர். நூற்றுக்கணக்கான ஈரத்தாள்கள் இடையே துணியும் இன்றி அடுக்கியிருந்தும், அவை ஒட்டிக்கொள்ளாமல் தனித்தனியே பிரிந்து வருதல் பெருவியப்பு! அதுவும் நெரியின் அருளே.

இத்தகைய முறைகளில் வழுவாது செய்யப்படும் தாள் ஹோன்மினோஷி எனப்படும். 1969-ஆம் ஆண்டில் ஜப்பானிய அரசு அதனை நாட்டின் சிறந்த கலைச்செல்வங்களுள் ஒன்றாக ஏற்றது. 2014-இல் யுனெஸ்கோ நிறுவனம் மினோ உள்ளிட்ட மூன்று இடங்களின் வாஷிக் கலையை மனிதகுலத்தின் அருவ மரபுச் செல்வங்களின் பட்டியலில் சேர்த்தது. 2021-இல் தோக்கியோவில் நடந்த ஒலிம்பிக் விளையாட்டில் வென்றோர்க்கு வழங்கிய சான்றிதழ்கள் மினோக் கைக்காகிதத்தில் அமைந்தவை. 1966-இல் இத்தாலியின் பிளாரன்சு நகரை வெள்ளம் சூழ்ந்து நூல்களைப் பாழ்படுத்தியபோது, அவற்றைச் செப்பனிடவும் ஜப்பானிய மென்தாள் பயன்பட்டது. அந்நாள் தொட்டு மேலைநாட்டு நூலகங்கள் பலவற்றில், சிதைந்த ஏட்டின் முதுகில் எழுத்து மறையாதவாறு ஒட்டுவதற்கு இத்தாளே கைகொடுக்கின்றது. சுவடிகள் கண்ணெதிரே பொடியாவதைக் கண்டவர்க்கு இதன் அருமை சொல்லாமலே விளங்கும்.

புகழ் இவ்வாறு பரவினும் தொழில் சுருங்கிவிட்டது. 1901-ஆம் ஆண்டில் ஜப்பான் முழுவதும் 68,000-க்கு மேற்பட்ட குடும்பங்கள் கைக்காகிதம் செய்தன. இன்று எஞ்சியவை சில நூறே. ஆலைத்தாள் மலிவாக வந்தது. காகிதக் கதவுகள் இருந்த வீடுகளில் கண்ணாடி வந்தது. காகிதம் செய்பவர் மட்டுமா குறைந்தனர்? மூங்கிற் பாயைக் கோப்பவர், கோசோ வளர்ப்பவர், தொரொரோ ஆவோய் பயிரிடும் உழவர் யாவரும் முதியவராகி அருகிவருகின்றனர். அவ்வேர்ச்சாறு கிடைக்காவிடின் எத்துணைத் தேர்ந்த கையும் தொட்டியின் முன் வாளா நிற்க வேண்டுவதே.

பயணியர் பட்டறைகள் தொன்மைக் கலையை விளையாட்டாக்குகின்றன என்று குறைகூறுவார் உளர். அக்குறையில் ஓரளவு உண்மை உண்டு. ஒரு மணியில் முடியும் பாடத்தில் பனிக்கால நீரும் தூசு பொறுக்கும் விரலும் இடம்பெறுவதில்லை. எனினும் நான் அப்பட்டறைகளின் பக்கமே நிற்பேன். தாளைத் தன் கையால் மொண்டவன் கடையில் அதன் விலையைக் கேட்டு முகம் சுளிப்பதில்லை. தொழில் கற்கவென்று வெளியூர்களிலிருந்து வந்து மினோவிலேயே தங்கிவிட்ட இளைஞரும் இருக்கின்றனர்.

விடைபெறும் முன் பேரன் தன் தாளைச் சாளரத்தின் எதிரே உயர்த்திப் பிடித்தான். ஒரு மூலையில் எள்ளளவு கரும்பட்டைத் துணுக்கு ஒன்று தெரிந்தது. அம்மையாரும் அதனைக் கண்டார். விற்பனைக்கு உரிய தாளாயின் அதனைத் தள்ளிவிடுவார்கள் என்றார். "இதைத் தூக்கி எறிந்துவிடுவீர்களா?" என்று பேரன் அஞ்சிக் கேட்டான். மகள் அதனை மொழிபெயர்த்ததும் அவர் தலையசைத்து மறுத்தார். இரு பலகைகளின் இடையே தாளை வைத்துக் கயிற்றால் கட்டி, அவன் கையில் கொடுத்தார்.