வரைபடத்தில் ஒரு சொல்

தமிழ்ப்பள்ளியில் ஜொகூர் வரைபடத்தை மெல்லிய தாளில் படியெடுத்து வண்ணம் தீட்டியிருக்கிறேன். அதில் பூலாவ் பத்து பூத்தே இருந்ததாக நினைவில்லை. 137 மீட்டர் நீளமே உள்ள பாறை. பென்சில் முனை பட்டாலே மறைந்துவிடும். அது நம் கையைவிட்டுப் போனதில் வரைபடங்களுக்கும் பங்குண்டு என்பதைப் பல்கலைக்கழகம் வந்த பிறகே அறிந்தேன்.

ஜொகூர் கரையிலிருந்து 7.7 கடல் மைல், சிங்கப்பூரிலிருந்து 24 கடல் மைல். தொலைவை மட்டும் பார்த்தால் வழக்கே தேவையில்லை. ஆனால் 1851 முதல் அங்கு ஹார்ஸ்பர்க் கலங்கரை விளக்கம் உள்ளது; அதை நிருவகித்து வந்தது சிங்கப்பூர். (ஹார்ஸ்பர்க் என்பவரே கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கடல் வரைபடங்கள் தயாரித்தவர்தாம்!) 1953இல் ஜொகூரின் தற்காலிக மாநிலச் செயலாளர், பாறையின் உரிமையை ஜொகூர் கோரவில்லை என்று கடிதமும் எழுதிவிட்டார்.

21.12.1979 அன்று மலேசியா வெளியிட்ட வரைபடம், பாறையை நம் கடல் எல்லைக்குள் காட்டியது. 14.2.1980 அன்று சிங்கப்பூர் எதிர்ப்புத் தெரிவித்தது. அந்த நாளையே தகராறு உருவான நாளாக அனைத்துலக நீதிமன்றம் கொண்டது. ஆகவே, அதற்கு முந்திய சான்றுகளே எடைபோடப்பட்டன.

அங்கேதான் சிக்கல். 1962 முதல் 1975 வரை நம் நில அளவைத் துறை வெளியிட்ட சில வரைபடங்களில், பாறையின் பெயருக்கு அருகே ‘சிங்கப்பூர்’ என்று அச்சாகியிருந்தது. அது கலங்கரை விளக்கத்தை நிருவகிப்பவரையே குறிக்கிறது என்று மலேசியா வாதிட்டது. வரைபடத்தை எல்லைக்கு ஆதாரமாகக் கொள்ளலாகாது என்ற குறிப்பையும் சுட்டியது. நீதிமன்றம் ஏற்கவில்லை. ஒரு நாடு தன் நலனுக்கு எதிராகத் தானே வரைந்து வெளியிட்டதற்கு மதிப்பு அதிகம் என்றது. படித்தபோது எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது. ஆனால், தன் நிலத்தில் அண்டை வீட்டுக்காரர் பெயரைத் தானே எழுதியவர், பிறகு என்ன சொல்லி வாதாடுவார்?

சிங்கப்பூரோ 1995 வரை அந்தப் பாறையைத் தனதாகக் காட்டி ஒரு வரைபடம்கூட வெளியிடவில்லை. அந்த மௌனம் நம் வரைபடங்களைவிடக் குறைவாகவே எடைபோடப்பட்டது.

23.5.2008 அன்று தீர்ப்பு வந்தது. பாறை தொடக்கத்தில் ஜொகூருடையதே; 1980க்குள் உரிமை சிங்கப்பூருக்குக் கைமாறிவிட்டது என்று 12க்கு 4 எனும் வாக்கில் முடிவானது. 1953ஆம் ஆண்டுக் கடிதமும் அதன் பின் இரு தரப்பும் நடந்துகொண்ட விதமும் முதன்மைக் காரணங்கள். வரைபடங்கள் அவற்றை உறுதிப்படுத்தின. மறு ஆய்வு கோரி 2017இல் மலேசியா செய்த மனு, 2018இல் மீட்டுக்கொள்ளப்பட்டது.

அதே தீர்ப்பில் பக்கத்திலுள்ள மிடல் ராக்ஸ் பாறைகள் நமக்குக் கிடைத்தன. அவற்றையும் நான் எந்தப் பள்ளி வரைபடத்திலும் பார்த்ததில்லை.