பதினாறாவது ஆண்டில் வந்த கோப்பை

இந்த மாதப் பாடம் கர்மயோகம். பலன் மேல் கண் வைக்காமல் கடமையைச் செய்ய வேண்டும் என்று கீதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் யாராவது ஒருவர் கையைத் தூக்கி, “அப்போ எக்ஸாம் ரிசல்ட்டைப் பத்திக் கவலையே படக் கூடாதா?” என்று கேட்பது வழக்கம். நியாயமான கேள்விதான். எஸ்.பி.எம்.-இல் எத்தனை ஏ, யுனிவர்சிட்டியில் சி.ஜி.பி.ஏ. எவ்வளவு என்றுதான் நம்மை எல்லாரும் அளக்கிறார்கள். அப்படி இருக்கும்போது பலனை நினைக்காமல் எப்படி உழைப்பது?

இதற்குப் பதில் தேட ஒரு மனிதரின் வாழ்க்கையைப் பார்ப்போம். அமெரிக்காவில் யூ.சி.எல்.ஏ. பல்கலைக்கழகத்தின் கூடைப்பந்துக் குழுவை 1948 முதல் 1975 வரை 27 பருவங்கள் பயிற்றுவித்த ஜான் வூடன்தான் அவர். பக்தியுள்ள கிறிஸ்தவர். அவர் கீதையைப் பின்பற்றினார் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் நம் வகுப்பில் வரும் அந்தக் கேள்விக்கு அவருடைய வேலையில் தெளிவான விடை இருக்கிறது.

ஏ வாங்காத பிள்ளை தோற்றவனா?

வூடன் 1910-இல் இண்டியானா மாநிலத்தில் பிறந்தார். வளர்ந்தது மின்சாரம் இல்லாத ஒரு பண்ணை வீட்டில். பர்டியூ பல்கலைக்கழகத்தில் முதலில் சிவில் இன்ஜினியரிங்தான் எடுத்தார். அதற்குக் கோடை விடுமுறையில் முகாமுக்குப் போக வேண்டும். அவருக்கோ விடுமுறையில் வேலை செய்தால்தான் படிப்புச் செலவுக்குக் காசு. அதனால் ஆங்கில இலக்கியத்துக்கு மாறினார். அங்கே அவர் நாட்டின் தலைசிறந்த ஆட்டக்காரர்களில் ஒருவர். ஆனால் உயர்நிலைப் பள்ளி ஆசிரியராகச் சேர்ந்து பயிற்றுவித்த முதல் பருவத்தில் அவருடைய குழு 6 ஆட்டங்களில் வென்று 11-இல் தோற்றது.

அந்தப் பள்ளி நாட்களில் ஒரு விஷயம் அவரை உறுத்தியது. பிள்ளை பி அல்லது சி வாங்கினால் பெற்றோர் ஆசிரியரிடம் சண்டைக்கு வருவார்கள். பிள்ளையோ தான் தோற்றுவிட்டதாகவே நினைத்துக்கொள்ளும். எல்லாப் பிள்ளைக்கும் ஒரே திறமையா கொடுக்கப்பட்டிருக்கிறது? மற்றவனைவிட மேலாக வர வேண்டும் என்று பார்க்காதே, உன்னால் முடிந்த அளவுக்குச் சிறந்தவனாக வரும் முயற்சியை மட்டும் விட்டுவிடாதே என்பது அவருடைய அப்பா சொல்லிக் கொடுத்த பாடம். அதை வைத்து 1934-இல் வெற்றிக்குத் தானே ஒரு விளக்கம் எழுதினார். என்னால் முடிந்ததை முழுமையாகச் செய்தேன் என்று மனசாட்சி சொல்லும்போது கிடைக்கும் மன அமைதிதான் வெற்றி என்பது அதன் சாரம். பிறகு 14 ஆண்டுகள் யோசித்து, 15 கற்கள் கொண்ட ஒரு பிரமிடாக அதை வரைந்து முடித்தார். அடித்தளத்தின் இரண்டு மூலைக்கற்கள் கடும் உழைப்பும் உற்சாகமும்.

போட்டிக்குப் போகாத ஆண்டு

1946-இல் இண்டியானா மாநில ஆசிரியர் கல்லூரியில் பயிற்றுநரானார். 1947-இல் அவருடைய குழுவுக்கு கன்சாஸ் சிட்டியில் நடக்கும் என்.ஏ.ஐ.பி. தேசியப் போட்டிக்கு அழைப்பு வந்தது. எந்தப் பயிற்றுநரும் ஆசைப்படும் வாய்ப்பு அது. ஆனால் கறுப்பின ஆட்டக்காரர்கள் ஆடக் கூடாது என்பது அப்போதைய விதி. வூடனின் குழுவில் கிளாரன்ஸ் வாக்கர் என்ற கறுப்பின மாணவர் இருந்தார். அவர் முக்கிய ஐந்து பேரில் ஒருவர்கூட இல்லை, மாற்று ஆட்டக்காரர்தான். அவரை விட்டுவிட்டுப் போயிருக்கலாம். வூடன் அழைப்பையே மறுத்துவிட்டார்.

வேறு கல்லூரிகளிடமிருந்தும் எதிர்ப்பு வந்து, 1948-இல் விதி மாறியது. அந்த ஆண்டு வாக்கரோடு போனார்கள். இறுதி ஆட்டத்தில் லூயிவில் அணியிடம் தோற்றார்கள். கோப்பை இல்லை. ஆனால் அமெரிக்கக் கல்லூரிகளின் பருவ இறுதித் தேசியப் போட்டியில் ஆடிய முதல் கறுப்பினத்தவர் என்று வாக்கரின் பெயர் பதிவானது.

இங்கே கொஞ்சம் நிற்போம். பலனில் பற்று இல்லாமல் இருப்பது என்றால் என்ன என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைப்பது கஷ்டம். பலன் மேல் மட்டும் கண் இருந்திருந்தால் வாக்கர் வீட்டிலேயே இருந்திருப்பார். எது சரி என்று பார்த்ததால் கோப்பையை விட முடிந்தது. பற்று இல்லாமை என்பது சோம்பல் இல்லை. சரியானதைச் செய்யக் கையைக் கட்டிப் போடாத சுதந்திரம் அது.

சாக்ஸ் போடுவது எப்படி?

1948-இல் யூ.சி.எல்.ஏ.வுக்கு வந்தபோது அங்கே நல்ல அரங்கம் கிடையாது. பழைய ஜிம்மில், பக்கத்தில் மற்ற விளையாட்டுக்காரர்களும் பயிற்சி செய்ய, தூசு படிந்த தரையைப் பயிற்றுநரே உதவியாளர்களோடு துடைத்துவிட்டுப் பயிற்சியைத் தொடங்குவார். புதிய அரங்கம் திறந்தது 1965-இல்தான்.

பருவத்தின் முதல் நாள் அவர் சொல்லிக் கொடுத்தது என்ன தெரியுமா? சாக்ஸ் போடுவது. குதிகாலிலும் விரல் பக்கத்திலும் சுருக்கம் இல்லாமல் இழுத்துவிட வேண்டும். சுருக்கம் இருந்தால் கொப்புளம் வரும். கொப்புளம் வந்தால் பயிற்சி போகும், ஆட்டம் போகும். நாட்டின் மிகச் சிறந்த இளைஞர்கள் எல்லாம் உட்கார்ந்து இதைக் கற்றுக்கொண்டார்கள்.

ஏறக்குறைய இரண்டு மணி நேரப் பயிற்சிக்கு, காலையில் உதவிப் பயிற்றுநர்களோடு உட்கார்ந்து அதே அளவு நேரம் திட்டமிடுவார். எந்த நிமிடத்தில் எந்தப் பயிற்சி என்று சின்ன அட்டையில் எழுதி வைத்திருப்பார். முடிந்ததும் குறிப்பு எழுதிச் சேர்த்து வைப்பார். போன ஆண்டு இதே நாளில் என்ன செய்தோம் என்று எடுத்துப் பார்ப்பார். இன்ஜினியரிங் படிப்பவர்களுக்குத் தெரியும்: அவுட்புட்டை முறைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தால் அது மாறாது. உள்ளே நடக்கும் வேலையை அளந்து திருத்தினால்தான் மாறும்.

1974-75 பருவத்தில் இரண்டு உளவியல் ஆய்வாளர்கள் அவருடைய 15 பயிற்சிகளைக் கூர்ந்து கவனித்தார்கள். அவருடைய செயல்கள் 2,326-ஐப் பதிவு செய்தார்கள். சுமார் 75 சதவிகிதம், இதை எப்படிச் செய்வது என்ற நேரடியான தகவல். வெறும் பாராட்டு 7 சதவிகிதத்துக்கும் குறைவு. நீண்ட பிரசங்கமே கிடையாது. சரியான முறையைச் செய்து காட்டுவார், பையன் செய்த தவற்றைச் செய்து காட்டுவார், மறுபடியும் சரியானதைச் செய்து காட்டுவார். அவ்வளவுதான்.

பலன் வந்தது எப்போது?

முதல் 15 பருவங்களில் ஒரு தேசியக் கோப்பைகூட இல்லை. 1964-இல், 16-ஆவது பருவத்தில், 30 ஆட்டங்களிலும் வென்று முதல் என்.சி.ஏ.ஏ. கோப்பை. அந்த முதல் ஐவரில் ஆறடி ஐந்து அங்குலத்துக்கு மேல் உயரமானவர் யாரும் இல்லை. எதிரணியை மைதானம் முழுக்க நெருக்கும் தடுப்பு முறைதான் அவர்களுடைய பலம். அதைப் பயன்படுத்தலாம் என்று வற்புறுத்தியவர் உதவிப் பயிற்றுநர் ஜெர்ரி நார்மன். தலைவர் கேட்டுக்கொண்டார்.

அந்த ஆண்டையும் சேர்த்து 12 ஆண்டுகளில் 10 கோப்பைகள். 1967 முதல் 1973 வரை தொடர்ந்து ஏழு. இடையில் 88 ஆட்டங்கள் தொடர் வெற்றி. 1974 ஜனவரியில் நோட்டர் டேம் அணியிடம் 71-70 என்று ஒரே புள்ளியில் அந்தத் தொடர் முடிந்தது. 1975-இல் பத்தாவது கோப்பையோடு ஓய்வு பெற்றார். இத்தனை ஆண்டும் எதிரணியைத் தோற்கடிப்பதைப் பற்றியோ ஜெயிப்பதைப் பற்றியோ ஆட்டக்காரர்களிடம் அவர் அதிகம் பேசியதில்லை. இன்றைய பயிற்சி எப்படி இருந்தது என்பதுதான் பேச்சு.

ஒரு நிழலும் உண்டு. பல்கலைக்கழகத்துக்கு நெருக்கமான ஒரு செல்வந்தர் ஆட்டக்காரர்களுக்கு விதிக்குப் புறம்பான உதவிகள் செய்துவந்தார். 1981-இல் யூ.சி.எல்.ஏ.வுக்குத் தண்டனை வந்தபோது வூடன் ஓய்வு பெற்றிருந்தார். ஆனால் அவருடைய காலத்திலேயே அது தொடங்கிவிட்டது என்றும், அவர் இன்னும் கண்டிப்பாக விசாரித்திருக்க வேண்டும் என்றும் விமர்சனம் உண்டு. நம் கிளைப் பொறுப்பாளர்கள் இதையும் கவனிக்க வேண்டும். என் வேலையை நான் ஒழுங்காகச் செய்கிறேன் என்பது மட்டும் போதாது. நம் பொறுப்பில் இருக்கும் இடத்தில் என்ன நடக்கிறது என்று கேட்பதும் கடமைதான்.

நமக்கு என்ன?

வகுப்பில் வந்த கேள்விக்குத் திரும்புவோம். ரிசல்ட் வேண்டாம் என்று கீதை சொல்லவில்லை. ரிசல்ட் உன் கையில் இல்லை, இன்றைய உழைப்பு உன் கையில் இருக்கிறது என்கிறது. கோவிலில் தேவார வகுப்பு நடத்தும் அக்காவுக்கு ஐந்து பிள்ளைகள்தான் வருகிறார்கள் என்றால், ஐந்து பேருக்கும் பாடத்தைத் தயார் செய்து வருவதுதான் அவர் கையில் உள்ளது. கோப்பை வராத 15 ஆண்டுகளிலும் வூடன் தரையைத் துடைத்தார், அட்டையை எழுதினார். 16-ஆவது ஆண்டிலும் அதையேதான் செய்தார். கோப்பை வராமலே போயிருந்தாலும் அந்த வேலை வீண் இல்லை. அவரிடம் படித்த பிள்ளைகள் அதற்குச் சாட்சி.

கலந்துரையாடலுக்கு

1. வாக்கர் உங்கள் குழுவில் இருந்து, உங்களுக்கு அந்த அழைப்பு வந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள்? மற்ற ஆட்டக்காரர்களிடம் எப்படி விளக்குவீர்கள்?

2. உங்கள் படிப்பில் அல்லது கிளை வேலையில் “சாக்ஸ் போடுவது” மாதிரி எல்லாரும் அலட்சியப்படுத்தும் சின்ன விஷயம் எது?

3. பயிற்சி: வரும் ஏழு நாட்களும், செய்யப் போவதைக் காலையில் ஒரு சின்ன அட்டையில் எழுதுங்கள். இரவில் மதிப்பெண் போட வேண்டாம். என்னால் முடிந்ததை முழுமையாகச் செய்தேனா என்று மட்டும் ஒரு வரி எழுதுங்கள். அட்டைகளை அடுத்த வகுப்புக்குக் கொண்டு வாருங்கள்.