லயத்துப் பக்கம் மீன் தொட்டி கட்டப் போகும் தங்கச்சிக்கு

தங்கச்சி, சீமெந்து வாங்குவதற்கு முன்னால் பீலித் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று மேலே ஏறிப் போய்ப் பார். தேயிலை மலைக்குக் கீழே ஊறும் தண்ணீர் என்றால் கவனம். மழைக்காலத்தில் கொப்புள நோய்க்கு அடிக்கும் மருந்தில் செம்பு இருக்கிறது. கொஞ்சம் கலந்தாலும் மீனுக்கு ஆபத்து. மருந்து அடிக்கும் நாளைக் கங்காணியிடம் முன்கூட்டியே கேட்டு வை. அன்றைக்கும், பிறகு வரும் முதல் மழைக்கும் குழாயை அடைத்துவிடு. மலைநாட்டு மீன் வளர்ப்பில் பாதி வேலை இந்தத் தண்ணீர்க் காவல்தான்.

நிலம் தோட்டத்துக்குச் சொந்தம். அதனால் நிர்வாகத்திடம் எழுத்தில் அனுமதி வாங்கிக்கொள். வாய்ச்சொல் துரை மாறினால் போய்விடும்.

குளம் வெட்டினால் டொலமைட் போட வேண்டும். தேயிலை மண் புளிப்பு மண், பிஎச் 4.5 முதல் 5.5 வரைதான். மீனுக்கோ 6.5க்கு மேல் வேண்டும். சீமெந்துத் தொட்டிக்கு நேர்மாறு, சுண்ணாம்பு கசியும். வாழைத்தண்டை வெட்டிப் போட்டு ஊறவைத்து, சில தடவை தண்ணீரை மாற்றிய பிறகே குஞ்சு விடு.

எல்லோரும் திலாப்பியா என்பார்கள். நுவரெலியா 1,868 மீற்றர் உயரம். அந்தக் குளிரில் திலாப்பியா இரை எடுக்காது, வளராது. கெண்டை தாங்கும். தேசிய நீர்வாழ் உயிரினச் செய்கை அபிவிருத்தி அதிகார சபைக்கு, அதுதான் நக்டாவுக்கு, நுவரெலியாவில் ஒரு நிலையம் உண்டு. குஞ்சுக்கும் ஆலோசனைக்கும் முதலில் அங்கே போ. இடம் சின்னது என்றால் தங்க மீனையும் யோசி. குளிர் அதற்கு ஒத்துவரும், உயிரோடு ஒவ்வொன்றாக விற்கலாம்.

கால் மணித்தியாலத்தில் தின்று முடிக்கும் அளவுக்கு மட்டும் தீனி போடு. பனி கொட்டும் நாட்களில் அதையும் குறை. விடியற்காலையில் மீன் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடினால் காற்றுப் பற்றாக்குறை. தீனியை நிறுத்தி, நல்ல தண்ணீரை உயரத்திலிருந்து கொட்டு. கழிக்கும் தண்ணீரை ஓடையில் விடாதே. லீக்ஸ், கோவா பாத்திக்குத் திருப்பிவிட்டால் உரச் செலவு குறையும்.

தொட்டிக்கு மேல் வலை கட்டாயம். மீன்கொத்தியும் நீர்நாயும் வரும். அதைவிட, லயத்துப் பிள்ளைகள் ஓடி விளையாடும் இடம் அது. வலையைக் கம்பிச் சட்டத்தில் இறுக்கிக் கட்டு.

விற்பனையைச் சம்பள நாளை ஒட்டி வை. யாருக்கு எத்தனை கிலோ என்று முதல் நாளே எழுதி வாங்கிக்கொண்டு, அந்த அளவுக்கு மட்டும் பிடி. மிச்சம் தொட்டியிலேயே இருக்கட்டும்.