பாசியும் பவளமும்

இராமேசுவரத்திற்கும் தூத்துக்குடிக்கும் இடையே, மன்னார் வளைகுடாவில் 21 சிறு தீவுகள் வரிசையாக அமைந்துள்ளன. அவற்றைச் சூழ்ந்த பவளப்பாறைகள் அலையின் வேகத்தைத் தணித்துக் கரையைக் காக்கின்றன. கடற்புல் வெளிகள் கடற்பசுக்களுக்கு மேய்ச்சல் நிலங்களாகின்றன. 560 சதுர கிலோமீட்டர் பரப்புடைய இப்பகுதி 1986ஆம் ஆண்டு கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது.

சுண்ணாம்புக்காகவும் கட்டுமானத்திற்காகவும் பவளப்பாறைகள் நெடுங்காலம் வெட்டியெடுக்கப்பட்டன. அரண் இழந்த தீவுகளை அலைகள் அரித்தன. பூவரசன்பட்டி, விலாங்குசல்லி ஆகிய இரு தீவுகள் நீரில் மூழ்கின. எனவே, பாதுகாப்பு இன்றியமையாததாயிற்று. ஆயினும், பூங்காவின் எல்லைகள் வரையப்படுவதற்கு முன்பே அக்கடலை நம்பி வாழ்ந்தோர் பலர். கடற்பாசி சேகரிக்கும் பெண்கள் அவர்களுள் குறிப்பிடத்தக்கவர்.

விரல்களில் துணியைச் சுற்றி, கண்ணாடி அணிந்து, மூச்சடக்கி மூழ்கும் இப்பெண்கள் மரிக்கொழுந்துப் பாசி, கட்டக்கோரை முதலியவற்றைப் பறிக்கின்றனர். மரிக்கொழுந்துப் பாசியிலிருந்து பெறப்படும் அகர் உணவுத் தொழிலிலும் ஆய்வுக்கூடங்களிலும் பயன்படுகிறது. தீவுகளுக்குச் செல்லத் தடை வந்தபோது, இவர்களின் அன்றாட உழைப்பே குற்றமாயிற்று.

இரும்புக் கருவியால் சுரண்டினால் பாசியின் பற்றுறுப்பு அழியும், பாறையும் சிதையும். கையால் பறித்தால் அடிப்பகுதி எஞ்சி மீண்டும் தழைக்கும். இதனை உணர்ந்த பெண்கள் சுரண்டு கருவிகளைக் கைவிட்டனர். மாதத்தில் 12 நாள்கள் மட்டுமே பறிப்பது எனத் தமக்குத்தாமே வரையறை வகுத்துக்கொண்டனர். இம்முயற்சியை முன்னின்று நடத்திய பாம்பன் சின்னப்பாலத்தைச் சேர்ந்த இலட்சுமி மூர்த்தி, 2015ஆம் ஆண்டு சீகாலஜி என்னும் பன்னாட்டு அமைப்பின் விருதைப் பெற்றார்.

அண்டையிலுள்ள பாக் விரிகுடாவிலும் இத்தகைய ஒத்துழைப்பைக் காணலாம். அங்கு 2022ஆம் ஆண்டு 448 சதுர கிலோமீட்டர் பரப்பில் கடற்பசுப் பாதுகாப்பகம் அமைக்கப்பட்டது. வலையில் சிக்கும் கடற்பசு மூச்சுவிட நீர்ப்பரப்பிற்கு வர இயலாவிடில் இறந்துவிடும். அதனை உடனே விடுவிக்கக்கூடியவர் அருகிலிருக்கும் மீனவரே. வலையை அறுத்து உயிர் காத்த மீனவர்களை வனத்துறை பாராட்டி ஊக்கத்தொகை வழங்கிவருகிறது.

சட்டம் எல்லையை வகுக்கலாம். ஆனால், பரந்த கடலில் ஒவ்வோர் அலையையும் காவலர் கண்காணித்தல் இயலாது. கடலோடு வாழ்வோரின் பசியை மறந்த பாதுகாப்பு நிலைக்காது. கடலின் வளத்தை மறந்த பிழைப்பும் நீடிக்காது. இவ்விரண்டையும் ஒருங்கே காக்கும் வழியே மன்னார் வளைகுடாவின் நாளையைத் தீர்மானிக்கும்.