நாள் கடந்தால் மனு என்னாகும்? ஊட்டி இ-பாஸ் வழக்கு சொல்லும் பாடம்

"உங்கள் மனு பயனற்றதாகிவிட்டது, முடித்து வைக்கப்படுகிறது." கோர்ட்டில் இப்படிச் சொன்னால் பலர் கேஸ் தோற்றுவிட்டதாக நினைத்துவிடுகிறார்கள். அது தோல்வி இல்லை. நீங்கள் கேட்டதைக் கொடுக்கும் நாள் கடந்துவிட்டது என்றுதான் அர்த்தம். யார் பக்கம் நியாயம் என்பதைக் கோர்ட் சொல்லவே இல்லை.

நீலகிரி உதாரணத்தைப் பாருங்க. சீசன் நெரிசலைக் குறைக்க, 2024 மே 7 முதல் ஜூன் 30 வரை ஊட்டி, கொடைக்கானல் வரும் வண்டிகளுக்கு இ-பாஸ் கட்டாயம் என்று சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஜூன் 30-ஐத் தாண்டியதும் உத்தரவு தானாக முடிந்திருக்கும். ஆனால் சீசன் அடுத்த வருஷமும் வருமே! அதனால் செப்டம்பர் 30 வரையும், பிறகு மறு உத்தரவு வரும் வரையும் நீட்டித்தார்கள். மலை எத்தனை வண்டி தாங்கும் என்று ஐஐடி, ஐஐஎம் மூலம் ஆய்வு செய்யவும் சொன்னார்கள். 2025 ஏப்ரல் முதல் ஜூன் வரை நீலகிரிக்கு வார நாளில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டிகள் என்ற வரம்பும் வந்தது.

இப்போ ஒரு கற்பனை. குன்னூரில் காட்டேஜ் நடத்தும் ஒருவர், "இந்த சீசன் வரம்பை ரத்து செய்யுங்க" என்று மட்டும் கேட்டு ஜூன் கடைசியில் மனு போடுகிறார். அது விசாரணைக்கு வருவது ஆகஸ்டில். ரத்து செய்ய அப்போது வரம்பே இருக்காது. கட்டிய ஃபீஸும் அலைந்த நாளும்தான் மிச்சம்.

தேர்வு, டெண்டர், ஏலம், இடிப்பு நோட்டீஸ் என்று தேதி ஒட்டியிருக்கும் எல்லா விஷயத்துக்கும் இதே கதைதான். அதனால்:

1. நோட்டீஸ் கைக்கு வந்த அன்றே கடைசித் தேதியைக் குறித்துவைத்து வக்கீலைப் பாருங்க.

2. முதன்மை மனுவோடு இடைக்காலத் தடை மனுவும் போடச் சொல்லுங்க. நாள் நெருங்கினால், அவசரமாக விசாரிக்கும்படி முறையிடலாம்.

3. அந்த ஒரு நாளை மட்டும் பிடித்துக்கொள்ளாதீங்க. "அடுத்த வருஷமும் இது நடக்கும்" என்றால் அதையும் மனுவில் எழுதுங்க. நஷ்டம் ஏற்பட்டிருந்தால், அதற்கான கோரிக்கையைச் சேர்க்க முடியுமா என்று கேளுங்க.

4. நிலைமை மாறிப்போனால், கோரிக்கையைத் திருத்த அனுமதி கேட்கலாம்.

5. அப்படியும் முடித்து வைத்தால், பிரச்சினை திரும்ப வரும்போது புது மனு போடும் உரிமையை உத்தரவிலேயே பதிவு செய்யக் கேளுங்க.

கேஸ் எந்த நிலையில் இருக்கிறது என்று தெரிய வக்கீல் ஆபீஸுக்கு மலை இறங்கி ஏற வேண்டாம். இ-கோர்ட்ஸ் சர்வீசஸ் ஆப்பில் உங்கள் வழக்கின் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணைப் போட்டால், அடுத்த வாய்தா தேதி போனிலேயே தெரியும்.

வக்கீல் வைக்க வசதி இல்லையா? 15100-க்கு போன் பண்ணுங்க. இல்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்க. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. எஸ்டேட்டில் வேலை பார்ப்பவர்களும் தயங்காமல் கேட்கலாம். ஆனால் தேதி கடக்கும் முன்பே கேளுங்க.