மெமெக்ஸ்: உருவாகாத கருவி சொல்லித் தரும் பாடம்

உங்கள் கம்ப்யூட்டரில் உள்ள ஃபைல்களை எண்ணிப் பார்த்திருக்கிறீர்களா? செல்போனில் எடுத்த படங்கள், ஸ்கேன் செய்த பத்திரங்கள், மெயிலில் வந்த பில்கள், டவுன்லோட் செய்த பாடங்கள் என ஆயிரக்கணக்கில் இருக்கும். ஹார்ட் டிஸ்க்கில் இடம் கிடைப்பது இன்று பெரிய விஷயமில்லை. சேர்த்து வைத்ததை வேண்டிய நேரத்தில் எடுப்பதுதான் சிரமம். இந்தச் சிரமத்தைத் தீர்க்க 1945-ஆம் ஆண்டிலேயே ஒருவர் ஒரு கருவியைக் கற்பனை செய்தார். அதன் பெயர் மெமெக்ஸ். அது எப்படி இயங்கும், அதன் வழிமுறையை நம் வீட்டுக் கம்ப்யூட்டரில் எப்படிச் செய்வது என்று இக்கட்டுரையில் பார்ப்போம்.

யார் கற்பனை?

வன்னீவர் புஷ் ஓர் அமெரிக்கப் பொறியாளர். இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்காவின் அறிவியல் ஆராய்ச்சி மற்றும் மேம்பாட்டு அலுவலகத்தின் தலைவராக இருந்தார். சுமார் 6,000 விஞ்ஞானிகளின் பணியை ஒருங்கிணைத்தவர். 1945 ஜூலையில் 'தி அட்லாண்டிக் மன்த்லி' இதழில் 'ஆஸ் வீ மே திங்க்' என்ற கட்டுரையை எழுதினார். மெமெக்ஸ் அதில்தான் வருகிறது.

ஆராய்ச்சிகள் மலைபோல் குவிகின்றன, ஆனால் தேவைப்படுபவர் கையில் அவை சேர்வதில்லை என்பது அவருடைய கவலை. பரம்பரைப் பண்புகள் பற்றிய மெண்டலின் விதிகளை அவர் உதாரணம் காட்டினார். 1866-இல் அச்சான அக்கட்டுரையின் மதிப்பை உலகம் உணர 1900 வரை ஆயிற்று. கட்டுரை எங்கும் தொலைந்து போகவில்லை. அதைப் புரிந்துகொள்ளக்கூடியவர்கள் கண்ணில் படவில்லை, அவ்வளவுதான்.

மேஜைக்குள் ஒரு நூலகம்

மெமெக்ஸ் பார்ப்பதற்கு ஒரு மேஜை. மேலே சாய்வான திரைகள், ஒரு கீபோர்டு, சில பட்டன்கள், நெம்புகோல்கள். உள்ளே புத்தகங்களும் கடிதங்களும் மைக்ரோஃபிலிமில் சிறிய படங்களாக இருக்கும். நாளொன்றுக்கு 5,000 பக்கங்கள் சேர்த்தாலும் அது நிரம்பப் பல நூறு ஆண்டுகள் ஆகும் என்று புஷ் எழுதினார். கையால் எழுதிய குறிப்பை மேஜை மீதுள்ள கண்ணாடியில் வைத்து நெம்புகோலை அழுத்தினால் அதுவும் படமாகி உள்ளே போய்விடும். இன்றைய ஸ்கேனர் போல! இன்னொரு நெம்புகோலை வலது பக்கம் தள்ளினால் பக்கங்கள் ஒவ்வொன்றாகப் புரளும். இன்னும் தள்ளினால் பத்துப் பத்தாக, மேலும் தள்ளினால் நூறு நூறாகப் புரளும்.

தடம் என்பது என்ன?

மெமெக்ஸின் உயிர்நாடி இதுதான். நாம் ஃபைல்களை அகர வரிசையிலோ எண் வரிசையிலோ அடுக்குகிறோம். மனம் அப்படி வேலை செய்வதில்லை, ஒன்றை நினைத்தால் அதோடு தொடர்புள்ள இன்னொன்றுக்குத் தாவுகிறது என்றார் புஷ். எனவே மெமெக்ஸில் இரண்டு பக்கங்களை அருகருகே திரையில் வைத்து ஒரு கீயைத் தட்டினால் அவை நிரந்தரமாக இணைந்துவிடும். பிறகு ஒன்றைப் பார்க்கும்போது பட்டனைத் தட்டி மற்றதை வரவழைக்கலாம். இப்படிப் பல பக்கங்கள் கோர்த்த வரிசையை அவர் தடம் என்றார்.

அவர் தந்த உதாரணம் இது. சிலுவைப் போர்களில் துருக்கியரின் குட்டை வில் இங்கிலாந்தின் நெடு வில்லை விஞ்சியது ஏன் என்று ஒருவர் ஆராய்கிறார். கலைக்களஞ்சியத்தில் ஒரு கட்டுரை, சரித்திர நூலில் ஒரு பக்கம், பொருட்களின் நெகிழ்வுத்தன்மை பற்றிய பாடநூல் என ஒவ்வொன்றாக இணைக்கிறார். நடுவே தன் கையெழுத்தில் ஒரு விளக்கமும் சேர்க்கிறார். பல ஆண்டுகள் கழித்து நண்பர் ஒருவருடன் பேசும்போது அந்தத் தடம் அப்படியே திரைக்கு வருகிறது. அதைப் பிரதி எடுத்து, நண்பரின் மெமெக்ஸில் சேர்க்கக் கொடுத்துவிடுகிறார்.

பிறகு வந்தவை

மெமெக்ஸை யாரும் தயாரிக்கவில்லை. ஆனால் அக்கட்டுரையைப் படித்தவர்கள் சும்மா இருக்கவில்லை. பிலிப்பைன்ஸில் அமெரிக்கக் கடற்படையில் ராடார் டெக்னீஷியனாக இருந்தபோது அதைப் படித்த டக்ளஸ் எங்கல்பார்ட், பின்னாளில் மவுஸை உருவாக்கினார். 1968-இல் சான் பிரான்சிஸ்கோவில் மவுஸையும் லிங்க்குகளையும் திரையில் இயக்கிக் காட்டினார். டெட் நெல்சன் 1965-இல் ஹைப்பர்டெக்ஸ்ட் என்ற சொல்லைத் தந்தார். 1989-இல் டிம் பெர்னர்ஸ்-லீ முன்வைத்த திட்டம் வேர்ல்டு வைடு வெப் ஆனது.

ஆனால் வெப்பில் லிங்க்கை அமைப்பவர் அந்தப் பக்கத்தை உருவாக்கியவர். மெமெக்ஸில் தடம் போடுபவர் படிப்பவரே. நம் வீட்டுக்குத் தேவை இந்த இரண்டாவது வகைதான்.

"சர்ச் வசதிதான் இருக்கிறதே?" என்று கேட்கலாம். சர்ச் ஒரு ஃபைலைக் கண்டுபிடிக்கும். அந்த ஃபைல் எதனால் முக்கியம் என்று சொல்லாது. என் அம்மாவின் சர்க்கரை நோய்ச் சிகிச்சையை எடுத்துக்கொள்வோம். ரத்தப் பரிசோதனை முடிவு மெயிலில் உள்ளது. டாக்டர் சீட்டு செல்போன் படமாக உள்ளது. அந்த முடிவைப் பார்த்துத்தான் டாக்டர் மாத்திரையைக் குறைத்தார் என்ற விவரம் இரண்டிலும் இல்லை. கூடப் போன என் நினைவில்தான் இருக்கிறது. அடுத்த முறை தம்பி அழைத்துப் போனால், "இதை ஏன் குறைத்தார்கள்?" என்ற கேள்விக்கு அவனால் பதில் சொல்ல முடியாது. அதனால்தான் முதல் தடத்தை அம்மாவுக்காகப் போட்டேன்.

வீட்டில் தடம் போடும் முறை

எம்.எஸ். வேர்டு அல்லது இலவசமாகக் கிடைக்கும் லிப்ரே ஆஃபீஸ் ரைட்டர் போதும்.

1. 'அம்மா சிகிச்சை' என்பது போல ஒரு விஷயத்துக்கு ஒரு ஃபோல்டர் உருவாக்குங்கள். தொடர்பான எல்லா ஃபைல்களையும் அதில் காப்பி செய்யுங்கள்.

2. ஃபைல் பெயரை ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையில் தொடங்குங்கள். உதாரணம்: '2023-08-14 ரத்தப் பரிசோதனை'. பெயர் வாரியாக அடுக்கினாலே தேதி வரிசை தானாக வந்துவிடும்.

3. அதே ஃபோல்டரில் 'தடம்' என்ற பெயரில் ஒரு புதிய டாக்குமெண்ட்டை சேவ் செய்யுங்கள். அதில் நடந்ததை ஒவ்வொரு வரியாக டைப் செய்யுங்கள். "சர்க்கரை அளவு குறைந்திருந்தது, அதனால் இரவு மாத்திரை நிறுத்தம்" என்பது போலக் காரணத்தையும் எழுதுங்கள்.

4. 'சர்க்கரை அளவு' என்ற சொற்களை செலக்ட் செய்து, கண்ட்ரோல் கீயுடன் கே கீயை அழுத்துங்கள். ஹைப்பர்லிங்க் விண்டோ திறக்கும். உரிய ஃபைலைத் தேர்ந்தெடுத்து ஓகே கொடுங்கள்.

5. இனி கண்ட்ரோல் கீயை அழுத்தியபடி அந்தச் சொல்லில் கிளிக் செய்தால் அந்த ஃபைல் திறக்கும்.

கவனிக்க வேண்டியவை

லிங்க் கொடுத்த பிறகு ஃபைலின் பெயரை மாற்றாதீர்கள், வேறு இடத்துக்கும் நகர்த்தாதீர்கள். லிங்க் அறுந்துவிடும். பென் டிரைவில் எடுக்கும்போது ஃபோல்டரை முழுமையாகக் காப்பி செய்து, வேறு கம்ப்யூட்டரில் இரண்டு மூன்று லிங்க்குகளைத் திறந்து சோதியுங்கள். காரணத்தை அன்றைக்கே எழுதிவிடுங்கள். ஒரு மாதம் போனால் நமக்கே மறந்துவிடும்.

என் தம்பியின் லேப்டாப்பிலும் இப்போது அந்த ஃபோல்டரின் ஒரு பிரதி இருக்கிறது. புஷ் சொன்ன நண்பர் செய்ததும் இதுதானே! நிலப் பத்திரம், பிள்ளைகளின் படிப்பு, வீடு கட்டிய செலவு என எதற்கும் இம்முறை பொருந்தும். இந்த ஞாயிற்றுக்கிழமை ஒரே ஒரு விஷயத்தை எடுத்துக்கொண்டு பத்து வரியில் ஒரு தடம் போட்டுப் பாருங்கள்.