சட்டம் அறிவோம்: கோர்ட்டு எந்தக் கேள்விக்குத் தீர்ப்பு சொல்லப் போகிறது?

குழுக் கூட்டத்தில் சொத்து வழக்கு பற்றிப் பேச்சு வந்தால், "கேஸ் போட்டு மூணு வருஷம் ஆச்சும்மா, வாய்தா மேல வாய்தாதான்" என்று சொல்லும் அக்காக்கள் நிறைய பேர். வழக்கு இப்போது எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று கேட்டால் மட்டும் பதில் வராது. அதில் முக்கியமான ஒரு கட்டத்தை இந்த இதழில் பார்ப்போம். சட்டத்தில் அதற்கு எழுவினா வனைதல் என்று பெயர். வக்கீல்கள் 'இஷ்யூ போடுறது' என்பார்கள்.

வழக்குப் போடுகிறவர் வாதி. அவர் கொடுப்பது பிராது. எதிராளி பிரதிவாதி. அவர் 30 நாளில் பதிலுரை கொடுக்க வேண்டும். கோர்ட்டு 90 நாள் வரை நீட்டிக்கலாம். இரண்டையும் நீதிபதி படிப்பார். ஒருவர் 'ஆமாம்' என்று சொல்லி இன்னொருவர் 'இல்லை' என்று மறுக்கிற முக்கியமான விஷயங்களை மட்டும் கேள்விகளாக எழுதுவார். இருவரும் ஒத்துக்கொண்டதில் கேள்வியே இல்லை. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 14 இதைத்தான் சொல்கிறது.

ஒரு உதாரணம். அப்பா சொந்தமாக வாங்கிய மூன்று ஏக்கர் நிலம். அப்பா இறந்த பிறகு தங்கை பாகம் கேட்டு வழக்குப் போடுகிறார். அண்ணன், "அப்பா எனக்கு உயில் எழுதி வைத்தார். தங்கச்சியும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டது" என்கிறார். (உயில் இருந்தால் விடுதலைப் பத்திரம் எதற்கு என்று நமக்குத் தோன்றும். ஆனாலும் வழக்கில் இப்படி இரண்டையும் சொல்வார்கள்.) இப்போது எழுவினா இப்படி வரும்: உயில் உண்மையானதா? விடுதலைப் பத்திரம் உண்மையானதா, அது தங்கையைக் கட்டுப்படுத்துமா? தங்கைக்குப் பாகம் உண்டா?

ஒரு விஷயத்தை யார் சொல்கிறாரோ, அதை அவர்தான் நிரூபிக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டம் வந்தாலும் இந்த விதி மாறவில்லை. ஆகவே உயிலை நிரூபிப்பது அண்ணன் வேலை. தங்கை அதற்காகப் பயப்பட வேண்டியதில்லை.

விடுதலைப் பத்திரம் அப்படியில்லை. அதில் கைரேகை, கையெழுத்து, போட்டோ எல்லாம் இருக்கும். "லோனுக்கு ஜாமீன் கையெழுத்துன்னு சொல்லித்தான் கூட்டிட்டுப் போனாங்க" என்று தங்கை நம்மிடம் அழுது சொல்வார். அது வழக்குக் காகிதத்தில் இருக்கிறதா? ஏமாற்றி வாங்கினார்கள் என்றால் யார், எப்போது, எங்கே, என்ன சொல்லி வாங்கினார்கள் என்று விவரமாக எழுதியாக வேண்டும். எழுதாவிட்டால் அதைப் பற்றி எழுவினா வராது. பிறகு கூண்டில் ஏறி எவ்வளவு உண்மையைச் சொன்னாலும், 'இது பிராதில் இல்லையே' என்று தள்ளிவிடுவார்கள். ஏமாற்றப்பட்டது தெரிந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் பத்திரத்தை ரத்து செய்யக் கேட்க வேண்டும் என்பதையும் மறக்கக் கூடாது.

அதனால் பதிலுரை நகல் கைக்கு வந்ததுமே ஒருவரை வரி வரியாகப் படித்துக் காட்டச் சொல்லிக் கேளுங்கள். அண்ணன் புதிதாக ஏதாவது சொல்லியிருந்தால், பிராதைத் திருத்த வேண்டுமா, மறுபதிலுரை போட வேண்டுமா என்று வக்கீலிடம் அப்போதே கேளுங்கள். விசாரணை ஆரம்பித்த பிறகு பிராதைத் திருத்துவது கஷ்டம். கவனமாக இருந்தும் முன்னாடியே சொல்ல முடியவில்லை என்று கோர்ட்டை நம்பவைக்க வேண்டியிருக்கும்.

எழுவினா போட்டதும் அதன் நகலையும் கேட்டு வாங்குங்கள். வக்கீல் கோபித்துக்கொள்வாரோ என்ற தயக்கம் வேண்டாம், வழக்கு உங்களுடையது. விட்டுப்போன கேள்வி இருந்தால் சேர்க்கச் சொல்லி மனு போடலாம். தீர்ப்பாணைக்கு முன் எப்போது வேண்டுமானாலும் எழுவினாவைத் திருத்தவும் கூட்டவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. சாட்சிப் பட்டியலை மட்டும் எழுவினா போட்ட 15 நாளுக்குள் கொடுத்தாக வேண்டும். ஒவ்வொரு கேள்விக்கும் நம் பக்கம் யார் சாட்சி, எந்தப் பத்திரம் என்று குழு நோட்டிலேயே எழுதி வைத்துக்கொள்ளலாம்.

வக்கீலுக்குப் பணம் இல்லையே என்கிறவர்களுக்கு: 1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு இலவச வக்கீல் உண்டு. தாலுகா கோர்ட்டு வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனு கொடுக்கலாம், அல்லது 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம். போகும்போது பிராது, பதிலுரை, பத்திர நகல் மூன்றையும் கையில் எடுத்துப் போங்கள்.